பெருவாயன் என்று பெயர் வைத்தவள்

பிள்ளை பெற்றவளுக்குப் பெருவாயன் மீனைப் போல ஒரு மருந்து கிடையாதாம். மிளகு தட்டிப் போட்டு வயிறு நிறையக் கொடுத்தால், வற்றிக் கிடக்கிற மார்பிலும் பால் ஊறுமாம். மண்டூர்ப் பக்கத்தில் எல்லாரும் இப்படித்தான் சொல்கிறார்கள் என்று வீடு வீடாகச் சேலை விற்கிற சித்தி நபீஸா என்பவள் சொன்னதாக, மோட்டார் சைக்கிளில் மீன் கொண்டுபோய் விற்கிற பாறூக் கல்லடிக் கடற்கரையில் நின்று தவமலரிடம் சொன்னான்.

தவமலர் அப்போதுதான் காலை ஏலத்தைக் கூறி முடித்திருந்தாள். தொண்டை காய்ந்திருந்தது. மணலில் சப்பாணி கட்டி உட்கார்ந்து, போத்தல் தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குடித்துக்கொண்டிருந்தாள். கரையில் மீன் விற்று முடிந்த பிறகு வருகிற அந்தச் சிறிய அமைதி அவளுக்குப் பிடிக்கும். காகங்களும் அலையும் மட்டும் பேசிக்கொண்டிருக்கும் நேரம் அது.

"நீங்க வச்ச பேருக்கு வந்த காலத்தப் பாருங்க அக்கா" என்றான் பாறூக், பெட்டிக்குள் ஐஸைக் குத்திப் பரப்பிக்கொண்டே. "முந்தி மீன் எண்டு வித்தம். இப்ப மருந்து எண்டு விக்கிறம்."

"மண்டூர்ல ஆர் சொன்னதாம்?"

"ஆரோ."

"ஆரோ எண்டா?"

"ஆரோ எண்டா ஆரோதான். ஊர் சொல்லுற கதைக்கு விலாசம் இரிக்குமா?" அவன் சிரித்தான். "நேத்துப் பின்னேரமும் ஒரு முழு மீன் அங்க குடுத்திட்டுத்தான் வந்த. ஆச்சிப்பிள்ளை எண்டு ஒரு அம்மா. மருமகளுக்கு இண்டைக்கு மத்தியானம்தான் முதல் மீன் கறியாம். தலைப்பிள்ளையாம். எவ்வளவோ காலம் காத்திருந்து பெத்த பிள்ளையாம். 'நல்ல பெரிய பெருவாயனாத் தா மகன்' எண்டு கேட்டு வாங்கின."

போத்தல் தவமலரின் வாய்க்குப் போகவில்லை. ஆச்சிப்பிள்ளையின் மருமகள் அவளுடைய தங்கை யசோதினி. அவள் ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்து அதிக நாளாகவில்லை. பிள்ளைப்பேற்றில் இரத்தம் நிறையப் போய், முகம் பழுத்த பூவரசிலை மாதிரி மஞ்சளாகியிருந்தது. "கவனமாப் பாருங்க, உடம்பில நீர்ச்சத்துக் குறையக் கூடாது" என்று மருத்துவமாது இரண்டு தரம் சொல்லியனுப்பியிருந்தாள்.

பாறூக் சொன்னது எதுவும் பொய்யில்லை. அந்த மீனுக்குப் பெருவாயன் என்று பெயர் வைத்தவள் தவமலர்தான். ஆனால் அதற்கு முன்னால் அந்த மீனுக்கு இன்னொரு பெயர் இருந்தது. அந்தப் பெயர் தெரிந்த எவரும் பிள்ளை பெற்றவளின் கோப்பையில் அதை வைத்திருக்கமாட்டார்கள்.

*

தவமலர் கடற்கரையில் பிறந்தவளல்ல. கிரானில் வயல்காரர் வீட்டில் பிறந்தாள். வட்டை என்கிற வயல்வெளிக்குள் நான்கு கம்பு நட்டுக் கட்டிய காவல் பரணில், கதிர் முற்றும் காலமெல்லாம் கிளி கலைத்தது அவளுடைய சின்ன வயதின் வேலை. தகரத்தில் தட்டினால் கிளி பழகிவிடும். குரலுக்குத்தான் பழகாது. பரணில் நின்று அவள் கூவினால் மூன்று வயலுக்கு அப்பால் உழுகிறவர்களும் நிமிர்ந்து பார்ப்பார்களாம். அந்தக் குரலைக் கேட்டுத்தான், உறவினர் வீட்டுக் கலியாணத்துக்கு வந்திருந்த கல்லடி யாக்கோப்பு அவளைத் தேடினான் என்று கதை. யாக்கோப்பு அதை ஒத்துக்கொள்வதில்லை. "நான் அவள்ற முகத்தத்தான் பாத்த. குரல் மறுகாதான் வந்திச்சு, கலியாணத்துக்குப் புறகு" என்பான்.

சைவ வீட்டுப் பெண் வேதக்கார வீட்டுக்குப் போகிறாளே என்று கிரானில் சிலர் முகத்தைச் சுளித்தார்கள். வயல்காரியை மீன் வெட்டக் கூட்டிவருகிறானே என்று கல்லடியில் சிலர் சிரித்தார்கள். தவமலருக்கு இரண்டும் பெரிதாகப் படவில்லை. புது ஊரில் முதல் கிழமையே ஒரு விஷயம் அவளை ஊரோடு சேர்த்துவிட்டது.

மாமியார் அடுப்படியில் உப்புத் தகரத்தைத் தூக்கிப் பார்த்துவிட்டுச் சொன்னாள்: "புள்ள, உப்பு நிறைஞ்சிட்டு. கடைக்குப் போய்ட்டு வா."

வேறொரு பெண்ணென்றால் விழித்திருப்பாள். தவமலர் பையை எடுத்துக்கொண்டு புறப்பட்டாள். ஆண்கள் கடலில் நிற்கிறபோது அந்த வீட்டுப் பெண்கள் குறைகிற சொல் எதையும் வாயில் எடுப்பதில்லை. தீர்ந்தது, முடிந்தது, போனது, இல்லை என்ற எதுவும் அந்த வீட்டில் கேட்காது. எண்ணெய் தீர்ந்தால் எண்ணெய் நிறைந்தது. விளக்கை அணைக்கும்போது விளக்கைக் குளிரவைப்பது. கிரானில் நெல் சூடடிக்கிற களத்திலும் இதே பேச்சுத்தான். நெற்பொலியை அள்ளிப்போகக் காத்திருக்கிற பூதங்களுக்கு விளங்கிவிடக் கூடாது என்று களத்துக்குள் இறங்கினதும் ஒவ்வொரு பொருளுக்கும் வேறு பெயர் வந்துவிடும். நெல் அள்ளுகிற பெரிய கடகத்துக்குக் களத்திலே பெயர் பெருவாயன். "பெருவாயனக் கொண்டா" என்று அவளைப் பெற்ற ஐயா கூப்பிட்டால் அவள் கடகத்தைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு ஓடுவாள். கடகத்துக்குள் உலகம் பழுப்பாக இருக்கும். ஓலைப் பின்னலின் துவாரங்களால் நிலவு பொட்டுப் பொட்டாக உள்ளே விழும். நெல்லும் வியர்வையும் மணக்கும்.

கடலுக்கும் களத்துக்கும் ஒரே பயம்தான் என்று அன்று கடைக்குப் போகிற வழியில் அவள் நினைத்தாள். ஒரே பயமுள்ள இடத்தில் மனிதர் வாழ்ந்துவிடலாம்.

*

பிறகு கடல் ஊருக்குள் வந்தது. அந்த மார்கழியைப் பற்றிக் கல்லடியில் யாரும் நீட்டிப் பேசுவதில்லை. மாமியார் போனாள், வீடு போனது, கரையில் நின்ற தோணிகள் வாவியின் அந்தப் பக்கத்தில் மரங்களில் தொங்கின. தவமலரும் யாக்கோப்பும் கிரானுக்குப் போயிருந்ததால் உயிரோடிருந்தார்கள்.

மாதக்கணக்காக ஒருவரும் கடல் மீன் தின்னவில்லை. கடல் எதைத் தின்றது என்று எல்லாருக்கும் தெரியும். அந்தக் கடலின் மீனை எப்படித் தின்பது? யாரோ கொடுத்த படகில் முதன்முதலாக ஆழத்துக்குப் போய்வந்த சீனித்தம்பி அண்ணை, கரையில் மீனைக் கொட்டிவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். ஏலம் கூறுகிறவரும் கடலோடு போய்விட்டிருந்தார். சனம் தூர நின்று பார்த்தது. கிட்ட வரவில்லை.

"ஆராவது கூறுங்களன்" என்றார் சீனித்தம்பி அண்ணை. அவருடைய குரல் மணலைத் தாண்டவில்லை.

"இவள் கூறுவாள்" என்று யாக்கோப்பு தவமலரை முன்னால் தள்ளினான். "கிளி கலைச்சவள்."

குவியலில் எல்லாவற்றுக்கும் மேலே அந்த மீன் கிடந்தது. வெளிச்சம் போகாத ஆழத்திலிருந்து தூண்டிலில் வந்தது. உடம்பு முழுக்கக் கரி. தோலைத் தடவினால் அரத்தைத் தடவினது போலிருந்தது. கண் மட்டும் பச்சைக் கண்ணாடிக் குமிழ். செத்த பிறகும் அது எதையோ பார்த்துக்கொண்டிருந்தது. வாய் ஒரு மனிதக் கையை முழங்கை வரை வாங்குமளவு பெரிது.

"இதுக்கு என்ன பேர் அண்ணே?" என்று அவள் கேட்டாள்.

சீனித்தம்பி அண்ணை பக்கத்தில் வந்து, கையால் வாயை மறைத்து அவளுடைய காதுக்குள் சொன்னார். கழிச்சான். சதை வெண்ணெய் போல இருக்கும். ஒரு துண்டு தின்றால் அப்படியொரு ருசி. வயிறு நிறையத் தின்றால் அந்தக் கொழுப்பு செரிக்காது, எண்ணெயாகவே கழியும், ஆளைக் கிடத்திவிடும். அதனால்தான் அந்தப் பெயர். "உரத்துச் சொல்லிராத, புள்ள. இண்டைக்கு முதல் ஏலம். மத்தப் படகில பொடியன்மாரும் கடல்ல நிக்கிறானுகள்."

சொல்லக் கூடாது என்று தவமலருக்குத் தெரியும். ஆனால் ஏதாவது சொல்லித்தான் ஆகவேண்டும். பெயரில்லாத மீனை யார் வாங்குவார்கள்? அவள் அந்த வாயைப் பார்த்தாள். வாய் திறந்து மேலே பார்த்துக் கிடந்தது, நெல் கொட்டக் காத்திருக்கிற கடகம் போல. கிளி கலைத்த குரல் தானாக எழும்பியது.

"பெருவாயன்... பெருவாயன்... அள்ள அள்ளப் பெருகிற பெருவாயன்..."

கூட்டத்தில் யாரோ ஒருத்தி, அந்த மார்கழிக்குப் பிறகு முதல் தடவையாக இருக்கவேண்டும், களுக்கென்று சிரித்துவிட்டாள். சிரிப்பு ஒருவரிலிருந்து ஒருவருக்குத் தொற்றியது. சனம் கிட்ட வந்தது. அன்று கொட்டின மீன் எல்லாம் விற்றது.

அடுத்த முறை கிரானுக்குப் போனபோது ஐயா அவளைப் பார்த்துக் கேட்டார்: "என்ன மனே, நம்மட கடகத்தக் கடல்ல போட்டிட்டியாம்?"

*

போட்ட கடகம் மிதந்து போய்க்கொண்டே இருந்தது. தவமலர் ஏலம் கூறுகிறவளாகவே ஆகிவிட்டாள். பெயர் அவளைவிட வேகமாக நடந்தது. அதிகம் தின்கிற பிள்ளையைக் கல்லடியில் பெருவாயன் என்று கூப்பிட்டார்கள். கோயில் திருநாளில் கஞ்சி காய்ச்சுகிற பெரிய அண்டாவுக்கும் அந்தப் பெயர் வந்தது. வாயைத் திறந்துகொண்டு பராக்குப் பார்க்கிறவனிடம் "என்ன, பெருவாயன் மாதிரி முழிக்கிறாய்?" என்றார்கள். ஒரு சாப்பாட்டுக் கடை பலகையில் பெருவாயன் பொரியல் என்று மஞ்சள் எழுத்தில் எழுதியது. புதுவீடு குடிபுகுகிறவர்கள் முதல் கறிக்கு அதைத் தேடினார்கள். எந்த ஊரிலிருந்து வந்த பெயர் என்று கேட்டால், இது பழைய காலத்திலேயே இருக்கிற பெயர்தானே என்று தவமலரிடமே சிலர் சொன்னார்கள். அவள் திருத்தவில்லை. அவளுக்கு அது பெருமையாகக்கூட இருந்தது. வந்தேறியாக வந்தவளின் சொல் ஒன்று மணலில் வேர் விட்டுவிட்டது.

கரைக்கே வந்து வாங்குகிறவர்களிடம் மட்டும் அவள் ரகசியமாகச் சொல்வாள்: "ஒரு துண்டு, ஆளுக்கு. மிஞ்ச வேணாம்." ஏன் என்று யாரும் கேட்டதில்லை. ருசியானதை அளவாகத் தின்னச் சொல்கிறாள் என்று நினைத்துக்கொண்டார்கள். சீனித்தம்பி அண்ணையின் வயதுக்காரர் ஒவ்வொருவராகக் கண்ணை மூட, அவர்களுடைய காதுக்குள் இருந்த பெயரும் அவர்களோடு படுத்துவிட்டது. பெருவாயன் ஐஸ் பெட்டிக்குள் ஏறி, கடலைக் காணாத ஊர்களுக்குப் போனது. அளவு சொல்கிற வாய் அதன் பின்னால் போகவில்லை. அங்கே யாருக்காவது வயிறு கழிந்தாலும் பழி மீனில் விழவில்லை.

சில நாட்களில் அவளுக்கு ஒரு கனவு வரும். கடலின் அடியில் சூடடிக்கிற களம். நடுவில் பொலி மலை போல. சுற்றிவரக் கறுத்த மீன்கள் வாலை ஊன்றி, வாயைத் திறந்து நிமிர்ந்து நிற்கும். மேலேயிருந்து நிலவு நெல்மணியாகக் கொட்டும். வாய்கள் நிறைவதே இல்லை. விழித்ததும் அவளுக்குப் பயமிருக்காது, ஒரு விதமான சந்தோஷம்தான் இருக்கும். இன்று பாறூக் சொன்னதைக் கேட்ட பிறகு, அந்தக் கனவில் தான் எங்கே நின்றாள் என்று அவள் முதல் தடவையாக யோசித்தாள். நினைவுக்கு வரவில்லை.

*

மணலில் உட்கார்ந்தபடியே அவள் தங்கையின் நம்பருக்கு எடுத்தாள். அது நிறுத்தி வைக்கப்பட்டிருந்தது. தொடக்குத் தீட்டுக் கழியும்வரை பெற்றவள் போனைத் தொடக் கூடாது என்று ஆச்சிப்பிள்ளை மாமி சொல்லியிருந்தாள். தங்கையின் புருசன் ரதீஸுக்கு எடுத்தாள். நெடுநேரம் அடித்து, பின்னால் உழவு மெசின் இரைச்சலோடு அவனுடைய குரல் வந்தது.

"ஓம் அக்கா. வட்டைக்குள்ள நிக்கிறன். சொல்லுங்க."

"தம்பி, மாமி பெருவாயன் வாங்கினவவாம்."

"வாங்கின வாங்கின. அக்கா வச்ச பேர் எண்டு அயலெல்லாம் சொல்லித் திரியிறா. நான் சொன்ன, நம்மட களத்துப் பேர்தானே எண்டு."

"அது..." தவமலர் கடலைப் பார்த்தாள். யாக்கோப்பு வாழைச்சேனையிலிருந்து பலநாள் படகில் போய் இரண்டு கிழமைக்கு மேலாகிறது. அங்கே போனுக்குச் சிக்னல் கிடையாது. அவன் எங்கே நிற்கிறான் என்று கடலுக்குத்தான் தெரியும். கழியும், போகும், கிடத்தும். சொல்லவேண்டிய சொல் எல்லாம் குறைகிற சொல். அவள் இதையெல்லாம் நம்புகிறாளா என்று கேட்டால், இல்லை என்றுதான் சொல்வாள். நம்பாதிருப்பது ஒன்று. அவன் கடலில் நிற்கிறபோது சொல்லிப் பார்ப்பது வேறொன்று. இத்தனை வருசமும் பழக்கப்பட்ட நாக்கு, எல்லாவற்றையும் தானாகத் திருப்பிப் போட்டது.

"அது வயித்துக்கு மிச்சம் பெருகிரும், தம்பி. தங்கச்சிக்கு வேணாம்."

"பெருகட்டும் அக்கா, அதுக்குத்தானே குடுக்கிறம்" என்று ரதீஸ் சிரித்தான். "அம்மா உள்ளி, மிளகு எல்லாம் எடுத்து வச்சிரிக்கா. நீங்க ஒண்டுக்கும் யோசிக்காதீங்க."

"யோசிக்கத்தான் வேணும். கேளு, அது அப்படியில்ல..."

மெசின் இரைந்தது. "கேக்குதில்ல அக்கா. சார்ஜும் குறைவு. பின்னேரம் எடுக்கிறன்." போன் நின்றது. திரும்ப எடுத்தபோது அதுவும் நிறுத்தியிருந்தது.

ஆச்சிப்பிள்ளை மாமியின் போனில் மணி போனது. எடுபடவில்லை. மாமி அடுப்படியில் இருந்தால் போனைத் தொடமாட்டாள். அது சாமிப்படத் தட்டில், முருகனுக்குப் பக்கத்தில் கிடக்கும்.

பாறூக் மோட்டார் சைக்கிளை உதைத்துக்கொண்டிருந்தான். "அக்கா, முகம் ஏன் இப்படிப் போகுது?"

"இனிப் பெருவாயன ஆருக்கும் குடுக்காத, பாறூக். நான் சொல்றவரைக்கும்."

"ஏன்?"

"சொல்றன். கரையவிட்டு ஏறிச் சொல்றன்."

"கரையவிட்டு ஏறியா? அதென்ன, மீனுக்குக் காது இரிக்கா?" அவன் தலையை ஆட்டிவிட்டு, பெட்டியை ஒருமுறை திரும்பிப் பார்த்தான். "சரி, இண்டைக்கு விக்கல்ல. வேற ஆரும் சொன்னா கேக்கமாட்டன்."

தவமலர் மணலைத் தட்டிவிட்டு எழும்பினாள். வீட்டுக்குப் போய்ச் சட்டை மாற்றக்கூட நிற்கவில்லை.

*

பஸ் தெற்கே போனது. காத்தான்குடியின் பேரீச்சை மரங்கள், ஆரையம்பதி, கடைகள், பள்ளிக்கூடம், பிறகு தென்னை, பிறகு இடையில் வாவி. ஒவ்வொரு முறை தென்னைக்கிடையில் வாவி வெளிக்கும்போதும் வெளிச்சம் பஸ்ஸுக்குள் புகுந்து, சனத்தின் முகமெல்லாம் ஒருகணம் தண்ணீருக்குள் இருப்பது போலத் தெரிந்தது. தவமலரின் மடியில் மீன் வாடை. பக்கத்தில் இருந்த பெண் சேலைத் தலைப்பை மூக்கில் வைத்துக்கொண்டாள்.

அவள் நினைத்துப் பார்த்தாள். மாமி இப்போது மீனைக் கழுவுவாள். தோலை உரிக்கக் கஷ்டப்படுவாள். உள்ளே வெள்ளை வெளேரென்ற சதையைக் கண்டு சந்தோஷப்படுவாள். சட்டி ஏறும். ஆச்சிப்பிள்ளை மாமி கெட்டவளல்ல. பிள்ளை இல்லை என்று ஊர் வாய்க்கு வந்ததைச் சொன்ன காலத்தில், யசோதினியைக் கூட்டிக்கொண்டு கோயில் கோயிலாக நடந்தவள். தலைப்பிள்ளை பிறந்த வீட்டில், கடைசித் துண்டு வரைக்கும் ஊட்டிவிட்டுத்தான் எழும்புவாள். அதுதான் பயம். கொடுக்கிற கை இவ்வளவு பெரிதாக இருப்பதுதான் பயம்.

யசோதினி சின்ன வயதில் பரணில் அக்காவின் மடியில் படுத்துக்கொண்டு கிளிகளை எண்ணுவாள். எண்ணி முடிக்கமாட்டாள், இடையில் தூங்கிவிடுவாள். அவளுடைய நெற்றியில் கிளிகளின் நிழல் ஓடிப்போகும். அந்த நெற்றியைத்தான் போன கிழமை ஆஸ்பத்திரிக் கட்டிலில் தவமலர் தொட்டுப் பார்த்தாள். ஈரமாக, குளிர்ந்து இருந்தது. "அக்கா, பால் காணாது எண்டுறாங்க" என்று அவள் குசுகுசுத்தாள். "எல்லாம் பெருகும்" என்று தவமலர் சொன்னாள். சொல்லவேண்டியதை அன்றும் களத்துப் பேச்சில்தான் சொல்லியிருந்தாள்.

களுவாஞ்சிகுடியில் இறங்கி ஆட்டோ பிடித்தாள். மாமியின் போன் மறுபடி அடித்தது. எடுபடவில்லை.

*

குருமண்வெளித் துறையில் பாதை கட்டிக் கிடந்தது. வாவியைக் கடக்கிற அந்தத் தட்டையான இரும்புப் படகுக்கு இந்தப் பக்கத்தில் பாதை என்றுதான் பெயர். சனமும் மோட்டார் சைக்கிளும் ஏறி நின்றால் அது தண்ணீரில் ஊர்ந்து அக்கரைக்குப் போகும். தரையில் இருப்பது வீதி, தண்ணீரில் இருப்பது பாதை. தவமலர் ஏறும்போது உள்ளே துணிமூட்டை ஒன்றின் மேல் சித்தி நபீஸா உட்கார்ந்திருந்தாள்.

"ஆ, கல்லடிப் புள்ள. தங்கச்சியப் பாக்கவா? நல்ல செய்தி கேள்விப்பட்ட. பொம்புளப் புள்ளயாமே."

"ஓம் ராத்தா." தவமலர் அவளுக்குப் பக்கத்தில் நின்றாள். "பெருவாயன் பிள்ளை பெத்தவளுக்கு நல்லது எண்டு நீங்களாம் சொன்ன?"

"நானா? நான் எங்க சொன்ன. பாறூக்தான் எனக்குச் சொன்னவன், மண்டூர்ல எல்லாரும் சொல்றாங்க எண்டு."

"பாறூக் சொல்றான், நீங்கதான் சொன்ன எண்டு. மண்டூர்ல ஆரோ சொன்னதா."

நபீஸா யோசித்தாள். மூட்டையின் முடிச்சை அவிழ்த்து மறுபடி கட்டினாள். "அவன் சொன்னத நான் மண்டூர்ல நாலு வீட்டுல சொன்ன. சேல காட்டக்குள்ள சும்மா பேச்சுக்கு. அப்ப மண்டூர்ல முதல்ல சொன்னது..." அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது. "நான்தான் போல."

"அவனுக்கு ஆர் சொன்னதோ."

"அவனுக்கு ஆர் சொல்லணும்? பேரக் கேட்டாலே அப்படித்தானே இரிக்கு. பெருவாயன். எங்கட வாப்பாக்கும் வயல் இரிந்திச்சு, புள்ள. அந்தப் பேரக் கேட்டா மனசுக்குள்ள ஏதோ நிறையுற மாதிரி." அவள் தவமலரின் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்தினாள். "என்ன? அது கூடாதா?"

பாதை அசைந்தது. கயிறு இழுபட, துறை மெல்லப் பின்னால் போனது. வாவி அசைவில்லாமல் கிடந்தது. வானம் முழுவதும் அதற்குள் இறங்கியிருந்தது. மேகத்தின் மேல் ஊர்வது போலப் பாதை போனது. அக்கரையில் மண்டூர், மரங்களுக்கு மேலே கோயில், மரங்களுக்கிடையில் கூரைகள். ஒரு கூரையிலிருந்து புகை எழுந்து, நேராக நின்றது. எந்த வீடு என்று இங்கிருந்து தெரியவில்லை. எல்லா வீட்டிலும் உலை வைக்கிற நேரம்தான்.

"அதுக்கு வேறொரு பேர் இரிக்கு, ராத்தா" என்றாள் தவமலர்.

"என்ன பேர்?"

தவமலர் வாயைத் திறந்தாள். கீழே தண்ணீர். இந்தத் தண்ணீர் முகத்துவாரத்தால் போய்க் கடலில் விழும். அந்தக் கடலின் எங்கோ ஒரு மூலையில் யாக்கோப்பு தூண்டிலை இறக்கிக்கொண்டு நிற்பான், வெளிச்சம் போகாத ஆழத்துக்கு. நாக்கு எழும்பவில்லை. "இறங்கினதும் சொல்றன்" என்றாள்.

"உன்ர இஷ்டம். ஆனா நான் நாலு வீட்டுல சொல்லிப்போட்டன். திருப்பிச் சொல்லணுமெண்டா எனக்கும் அந்தப் பேர் வேணும்."

அது உண்மை. நாலு வீடு, அந்த நாலு வீட்டுக்குப் பக்கத்தில் நாலு வீடு. கூடாது, வேண்டாம், அளவாக என்றெல்லாம் சொல்லிக்கொண்டு போனால் ரதீஸைப் போலச் சிரிப்பார்கள். பெருவாயன் என்கிற பெயர் காதில் கிடக்கிறவரைக்கும் யாருடைய கையும் அளக்காது. ஆச்சிப்பிள்ளை மாமியின் தகப்பன் வாவியில் வலை வீசினவர், கடல்காரர் காதுக்குள் சொல்கிற பெயர்கள் அவர் வீட்டிலும் தெரிந்திருக்கும். அந்தப் பழைய பெயரை மாமி ஒருமுறை கேட்டால் போதும், சட்டியை இறக்கிவிடுவாள். ஒரே ஒரு சொல். அதைச் சொன்னால் இந்தப் பெயர் செத்துப்போகும். கரையில் அன்று ஒருத்தி சிரித்த சிரிப்பும் அதோடு சேர்ந்து போகுமோ என்று அவளுக்குத் தோன்றியது. போகட்டும்.

போகட்டும் என்று மனதுக்குள் சொன்னபோது, அதுவும் ஒரு குறைகிற சொல் என்பது அவளுக்கு உறைத்தது. பாதை கவிழவில்லை. மேகம் மேகமாகவே கிடந்தது. ஒரு நீர்க்காகம் தலையை உள்ளே விட்டு, தூரத்தில் போய் எழும்பியது.

நடுவாவி வந்துவிட்டது. பாதையைவிடக் குரல் வேகமாகப் போகும். அவள் போனை எடுத்து மாமியின் பெயரை அழுத்தினாள்.

மணி போகத் தொடங்கியது.

வழக்கமாக மாமி என்று தொடங்குவாள், சுகம் கேட்பாள், சாப்பாடு கேட்பாள். இன்றைக்கு அதற்கெல்லாம் இடமில்லை. எடுத்தவுடன் முதல் சொல்லாக அந்தப் பெயரே வரவேண்டும். அவள் இரும்புக் கம்பியைப் பிடித்து நிமிர்ந்து நின்றாள், பரணில் நின்றதைப் போல. வயிற்றை இறுக்கி மூச்சை நிறைத்துக்கொண்டாள். நாக்கின் நுனியில் முதல் எழுத்து வந்து நின்றது. நபீஸா மூட்டையைக் கைவிட்டு எழும்பி, அவளுடைய வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அக்கரைப் புகை இன்னும் நேராகவே நின்றது. முருகன் படத்துக்குப் பக்கத்தில் ஒரு போன் தட்டோடு சேர்ந்து நடுங்கிக்கொண்டிருக்கும்.

மணி போய்க்கொண்டே இருந்தது.